சவூதிப் படம் பார்க்க உட்காருமுன்

ஈரான் படங்களுக்குத் தமிழ்நாட்டில் ரசிகர்கள் உண்டு, மன்றங்கள் உண்டு, தனிப் புத்தகங்களே உண்டு. அதே வளைகுடாவின் மறுகரையில், சவூதியில், என்ன எடுக்கிறார்கள் என்று கேட்டால் மட்டும் பேச்சு நின்றுவிடும். ஈரானில் வேலை பார்த்துத் திரும்பியவர் ஒருவரைக்கூட நான் பார்த்ததில்லை. சவூதியில் இருந்து திரும்பியவர் இல்லாத தெரு எங்கள் புதுக்கோட்டைச் சீமையில் குறைவு. இக்காமா (தங்கும் அனுமதி அட்டை), கஃபீல் (அந்த அனுமதிக்குப் பொறுப்பான முதலாளி), பக்காலா (மளிகைக் கடை) என்றால் என்னவென்று எங்கள் வீட்டுக் கிழவிகளுக்குக்கூடத் தெரியும். ஆனால் அந்த ஊர்க்காரர்கள் தங்கள் வாழ்க்கையைத் தாங்களே எடுத்த படம் எது என்றால் யாருக்கும் தெரியாது.

இன்னொன்றையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஈரான் அரபு நாடு அல்ல. அங்கே பேசுவது பாரசீகம். "அரபுப் படமெல்லாம் பார்ப்பேன், ஈரான் படம்தான் ரொம்பப் பிடிக்கும்" என்று சொல்லி நானே ஒரு கூட்டத்தில் அசடு வழிந்திருக்கிறேன்.

இது புதிதாகப் பார்க்க நினைப்பவர்களுக்காக. எதில் தொடங்குவது, எதைக் கவனிப்பது, நாலு பேரோடு சேர்ந்து பார்த்தால் என்ன ஏற்பாடு செய்வது என்று என் அனுபவத்திலிருந்து எழுதுகிறேன்.

எதில் தொடங்குவது

'வஜ்தா'வில் தொடங்குங்கள். 2012-ல் வந்தது, ஓடுவது ஒன்றரை மணி நேரத்துக்குச் சற்று மேல். இயக்கியவர் ஹைஃபா அல் மன்சூர். 1974-ல் பிறந்தவர், தகப்பனார் கவிஞர், வீட்டில் பன்னிரண்டு பிள்ளைகள். நாட்டில் திரையரங்கே இல்லாத காலத்தில் வீட்டில் வீடியோ கேசட் போட்டுப் பார்த்து வளர்ந்தவர். கெய்ரோவில் இலக்கியம் படித்தார், சில குறும்படங்கள் எடுத்தார், 2005-ல் சவூதிப் பெண்களைப் பற்றி ஓர் ஆவணப்படம். பிறகு சிட்னியில் திரைப்படம் படித்தார். 'வஜ்தா' அவருடைய முதல் முழுநீளக் கதைப்படம். முழுக்க சவூதி மண்ணிலேயே எடுக்கப்பட்ட முதல் முழுநீளப் படம் என்றும், சவூதிப் பெண் ஒருவர் இயக்கிய முதல் முழுநீளப் படம் என்றும் அதற்குப் பெயர். ஆஸ்கர் போட்டிக்குச் சவூதி அனுப்பிய முதல் படமும் அதுதான்.

'முதல்' என்ற சொல்லைக் கேட்டதும் பலருக்குக் கடமைக்காகப் பார்க்கும் படம் என்று தோன்றிவிடும். பயப்படாதீர்கள். ரியாத்தில் பத்து வயதுப் பெண் ஒருத்தி பச்சை சைக்கிள் வாங்க ஆசைப்படுகிறாள், விலை 800 ரியால், அன்றைய கணக்கில் சுமார் 11,000 ரூபாய். கதை அவ்வளவுதான். பக்கத்து வீட்டு அப்துல்லாவோடு பந்தயம் விட்டு ஜெயிக்க வேண்டும் அவளுக்கு. பெண்பிள்ளைகள் சைக்கிள் ஓட்டுவதில்லை என்று எல்லோரும் சொல்கிறார்கள். பள்ளியில் குர்ஆன் ஓதும் போட்டி வருகிறது, பரிசு 1,000 ரியால். அதுவரை ஓதுவதில் பெரிய அக்கறை காட்டாதவள் போய்ப் பெயர் கொடுக்கிறாள். சிரித்துக்கொண்டே பார்க்கலாம்.

நாலு வருடங்களை ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள்

சவூதிப் படத்துக்கு இந்தத் தாள் கட்டாயம். பத்து வருட இடைவெளியில் எடுத்த இரண்டு படங்களை அடுத்தடுத்துப் பார்த்தால் ஒரே நாடா என்று சந்தேகம் வரும்.

1979: மக்காவின் பெரிய பள்ளிவாசலை ஆயுதம் ஏந்திய ஒரு கூட்டம் கைப்பற்றியது. அதை அடக்கிய பிறகு அரசு மதப் பழமைவாதிகளின் பக்கம் சாய்ந்தது. 1980-களின் தொடக்கத்தில் திரையரங்குகள் மூடப்பட்டன, பொதுவெளிக் கெடுபிடி கூடியது.

2016: 'விஷன் 2030' என்ற சமூக, பொருளாதார மாற்றத் திட்டத்தை அரசு அறிவித்தது. அதே ஏப்ரலில் முத்தவா என்று நம்மவர்கள் சொல்லும் மதக் காவலர்களிடமிருந்து கைது செய்யும் அதிகாரம் பிடுங்கப்பட்டது.

2018: ஏப்ரல் 18 அன்று ரியாத்தில் திரையரங்கு திறந்தது. ஜூன் 24 முதல் பெண்கள் சட்டப்படி கார் ஓட்டலாம்.

2019: ஆகஸ்டில், 21 வயதைத் தாண்டிய பெண்கள் ஆண் பாதுகாவலரின் அனுமதி இல்லாமல் பாஸ்போர்ட் எடுக்கலாம், பயணம் போகலாம் என்று சட்டம் வந்தது. டிசம்பரில், உணவகங்களில் 'ஃபேமிலி'க்குத் தனி வாசல், 'சிங்கிள்' ஆண்களுக்குத் தனி வாசல் வைத்தே ஆக வேண்டும் என்ற கட்டாயம் நீங்கியது.

ஒவ்வொரு படத்துக்கு முன்னாலும் இரண்டு கேள்வி கேட்டுக்கொள்ளுங்கள்: கதை நடக்கும் வருடம் எது, படம் எடுத்த வருடம் எது. 'வஜ்தா' 2018-க்கு முந்தையது. அதனால் வஜ்தாவின் அம்மா காரின் பின் இருக்கையில் உட்கார்ந்திருக்கிறாள். இதைத் தெரிந்துகொள்ளாமல் பார்த்த என் நண்பர் ஒருவர், "இந்த அம்மா ஏன் லைசென்ஸ் எடுக்காம அந்த டிரைவர்கிட்ட இவ்வளவு திட்டு வாங்குது?" என்று பாதிப் படத்தில் கேட்டார்.

தேடுவது, எழுத்தைச் சரிசெய்வது

அரபுப் பெயர்களை ஆங்கிலத்தில் ஆளுக்கொரு விதமாக எழுதுவார்கள். வஜ்தாவின் பெயரையே நடுவில் தேவையில்லாத ஓர் எழுத்தைச் சேர்த்து பிரெஞ்சு பாணியில் எழுதியிருப்பார்கள். எனவே படத்தின் பெயரை மட்டும் தட்டித் தேடாதீர்கள். இயக்குநர் பெயரையும் வருடத்தையும் சேர்த்துத் தேடுங்கள். எந்தத் தளத்தில் கிடைக்கும் என்பது மாதாமாதம் மாறுவதால் இங்கே எழுதிப் பயனில்லை.

தமிழ் சப்டைட்டில் கிடைக்கும் என்று நம்பி உட்காராதீர்கள். ஆங்கில சப்டைட்டில் எழுத்தை முன்கூட்டியே ஐந்து நிமிடம் ஓட்டிப் பாருங்கள், அதுவும் படத்தின் நடுவில். நாங்கள் எங்கள் மொட்டை மாடியில் சுவரில் வெள்ளை வேட்டியைக் கட்டி, உறவும் நட்புமாகப் பதினான்கு பேர் பார்த்தோம். தொடக்கத்தில் சரியாக இருந்த எழுத்து அரை மணி நேரத்தில் நாலு வினாடி பின்தங்கிவிட்டது. தலைமையாசிரியை திட்டி முடித்து வாயை மூடிய பிறகு அந்தத் திட்டு சிறுமியின் முகத்துக்குக் கீழே வரும். கணினியில் விஎல்சி என்ற மென்பொருளில் ஓட்டுகிறவர்கள் குறித்துக்கொள்ளுங்கள்: ஜி விசையைத் தட்டினால் எழுத்து முன்னால் வரும், ஹெச் தட்டினால் பின்னால் போகும். ஒரு தட்டுக்கு ஒரு வினாடியில் இருபதில் ஒரு பங்குதான் நகரும். நாலு வினாடிக்கு எண்பது தட்டு. அன்றைக்கு எனக்கு அந்த விசை தெரியாது. சின்ன மாமாதான் காப்பாற்றினார்.

சின்ன மாமா அறந்தாங்கிப் பக்கம். ரியாத்தில் பதினொரு வருடம் ஹவுஸ் டிரைவர். பேச்சு அரபி சரளமாக வரும், ஒரு எழுத்து படிக்கத் தெரியாது. எழுத்து பிசகியதும் அவர் பாட்டுக்குப் பின்னால் உட்கார்ந்து சொல்ல ஆரம்பித்தார். "செருப்ப மாத்திட்டு வான்னுது அந்த டீச்சரு." "அவ மாட்டேங்குறா." எனக்குத் தெரிந்து அதைவிட நல்ல சப்டைட்டில் கிடையாது. உங்கள் தெருவிலும் இப்படி ஒருவர் இருப்பார். கூப்பிட்டு உட்கார வைத்துக்கொள்ளுங்கள்.

முதல் தடவை: காலையும் கூரையையும் பாருங்கள்

இந்தப் படத்தில் யாரும் பெரிய வசனம் பேசுவதில்லை. பொருட்கள்தான் பேசும். எங்கே கண்ணை வைப்பது என்று தெரிந்தால் போதும்.

காலிலிருந்து தொடங்குங்கள். முதல் காட்சியே வகுப்பறைப் பெண்களின் கால்கள்தான். எல்லாக் காலிலும் கறுப்புப் பள்ளி ஷூ, ஒரு காலில் மட்டும் கணுக்கால் வரை ஏறிய கேன்வாஸ் ஷூ. முகத்தைப் பார்க்கும் முன்பே ஆள் யாரென்று தெரிந்துவிடுகிறது. கறுப்பு ஷூ போட்டு வா என்று பள்ளியில் கண்டித்ததும் அவள் என்ன செய்கிறாள் பாருங்கள்: அதே ஷூவின் வெள்ளைப் பகுதியை மார்க்கர் பேனாவால் கறுப்பாக்கிக்கொண்டு வருகிறாள். சட்டத்துக்குக் கட்டுப்பட்டாயிற்று, ஷூவும் கையை விட்டுப் போகவில்லை. படம் முழுக்க அவள் குணம் இதுதான். எதிர்த்து நின்று கத்துகிறவள் இல்லை, இடுக்கு பார்த்து நுழைகிறவள். கையில் கயிற்றுப் பட்டை பின்னி விற்கிறாள், பாட்டு கேசட் விற்கிறாள், கடிதம் கொண்டுபோய்க் கொடுக்கக் காசு வாங்குகிறாள். நம்மூரில் இந்த மாதிரிப் பிள்ளையை 'வாயாடி' என்று சொல்லி உள்ளுக்குள் ரசிப்போம்.

அடுத்து கூரை. வெளியே ஓட்ட முடியாத சைக்கிளை அவள் மொட்டை மாடியில் பழகுகிறாள். கதையின் முக்கியமான இரண்டு மூன்று இடங்கள் மாடியில்தான் நடக்கின்றன. தெருவில் இடமில்லாதவர்களுக்கு மாடிதான் மைதானம். இதில் ஒரு காட்சியை மெதுவாகப் பாருங்கள். அம்மா திடீரென்று மாடிக்கு வந்துவிடுகிறாள், மகள் பயத்தில் சைக்கிளோடு விழுகிறாள், ரத்தம் வருகிறது என்கிறாள். அம்மா கண்ணைப் பொத்திக்கொண்டு பதறுகிறாள். மகளுக்கு எதற்கு இந்தப் பதற்றம் என்றே புரியவில்லை. முழங்காலில்தான் அடி என்கிறாள். அந்த ஒரு நிமிடத்தில் அம்மாவின் மனதில் என்ன ஓடியது என்பதை யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. எங்கள் மாடியில் இருந்த பெண்கள் எல்லோரும் ஒரே நேரத்தில் மூச்சை இழுத்தார்கள். ஆண்களில் பாதிப் பேருக்குப் பிறகுதான் விளங்கியது.

சுவரில் மாட்டிய வம்ச மரத்தையும் விட்டுவிடாதீர்கள். அப்பா குடும்பத்தின் மரம், கிளை கிளையாக ஆண்களின் பெயர்கள் மட்டும். வஜ்தா ஒரு சிறு தாளில் தன் பெயரை எழுதி அதில் குத்தி வைக்கிறாள். பிறகு அந்தத் தாளுக்கு என்ன ஆகிறது என்று கவனியுங்கள். ஆண் பிள்ளை இல்லை என்று அப்பா இரண்டாம் கல்யாணத்துக்குப் பெண் பார்க்கும் விஷயம் படத்தில் பெரும்பாலும் சுவருக்கு அப்பாலிருந்து, தொலைபேசியிலிருந்து, பாதிப் பேச்சாகத்தான் காதில் விழும்.

படம் எடுத்த விதத்தையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அது கதைக்கு வெளியே இல்லை. தெருக்காட்சிகளில் பல இடங்களில் ஹைஃபா அல் மன்சூர் வெளியே நின்று ஆண் தொழில்நுட்பக் கலைஞர்களோடு வேலை பார்க்க முடியவில்லை. ஒரு வேனுக்குள் உட்கார்ந்து சின்னத் திரையில் காட்சியைப் பார்த்து, வாக்கிடாக்கியில் நடிகர்களுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறார். சில தெருக்களில் விரட்டினார்களாம், சில தெருக்களில் நாங்களும் நடிக்கிறோம் என்று வந்தார்களாம். சைக்கிள் தெருவுக்கு வர முடியாத கதையை, தெருவில் இறங்க முடியாத ஒருவர் வண்டிக்குள் இருந்து எடுத்திருக்கிறார். இதைத் தெரிந்துகொண்டு பார்த்தால் வெளிப்புறக் காட்சிகளில் கேமரா நிற்கும் தூரம்கூட வேறு மாதிரித் தோன்றும்.

காதும் கொஞ்சம்

யல்லா (வா, போகலாம்), கலாஸ் (முடிந்தது), வல்லா (சத்தியமாக) எல்லாம் உங்களுக்கு ஏற்கெனவே தெரிந்திருக்கும். அதற்கு மேலேயும் காது கொடுங்கள். வக்கீல், வசூல், பாக்கி, நகல், அசல் எல்லாம் அரபியில் கிளம்பி பாரசீகம், உருது வழியாக நம் தாலுகா ஆபீசுக்கு வந்து சேர்ந்தவை. ஏதாவது ஒரு படத்தில் ஒன்று காதில் விழும்போது சின்னச் சந்தோஷம் கிடைக்கும். ரியாத் பேச்சும் ஜித்தா பேச்சும் வேறு வேறு என்பதை மட்டும் மனதில் வையுங்கள். மாமாவே பின்னால் நான் சொல்லப்போகும் ஜித்தாப் படத்தில் சில இடங்களில் திணறினார்.

டிரைவரைப் பாருங்கள்

தமிழர்கள் இந்தப் படத்தைப் பார்ப்பதற்கும் மற்றவர்கள் பார்ப்பதற்கும் உள்ள வித்தியாசம் இந்த இடம்தான் என்று நினைக்கிறேன்.

வஜ்தாவின் அம்மா வேலை பார்க்கும் பள்ளி தொலைவில். அவளையும் இன்னும் சில பெண்களையும் இக்பால் என்ற தெற்காசிய டிரைவர் தினமும் கொண்டுபோய் விடுகிறார். எரிச்சல்காரர், வாய் நீளம். தாமதமாக வருகிறாய் என்று அம்மாவிடம் கத்துகிறார். ஒரு நாள் இனிமேல் வர முடியாது என்று நின்றுவிடுகிறார். அம்மாவுக்கு வேலையே போய்விடும் நிலை. உடனே வஜ்தாவும் அப்துல்லாவும் அவர் குடியிருக்கும் இடத்தைத் தேடிக்கொண்டு போகிறார்கள். சின்னப் பையன் அப்துல்லா, பெரிய மனுசத் தோரணையில், தன் மாமாவின் பெயரைச் சொல்லி, உன்னை நாட்டை விட்டே அனுப்பிவிடச் செய்வேன் என்று மிரட்டுகிறான். வேலை நடக்கிறது.

காட்சி சிரிப்பாகத்தான் எடுக்கப்பட்டிருக்கிறது. நான் முதல் முறை பார்த்தபோது சிரித்தேன். மாடியில் எல்லோரும் சிரித்தார்கள். மொழிபெயர்த்துக்கொண்டிருந்த மாமா மட்டும் நிறுத்திவிட்டார். என்ன மாமா சொன்னான் என்று யாரோ கேட்டதற்கு, "ஊருக்கு அனுப்பிருவேங்குறான்" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, "அங்க பத்து வயசுப் பையனும் அதச் சொல்லுவான்" என்றார். அதற்குப் பிறகு கடைசி வரை மொழிபெயர்க்கவில்லை. நாங்கள் எழுத்தை வைத்தே ஒப்பேற்றினோம்.

ஹைஃபா அல் மன்சூர் இதைத் தெரியாமல் வைத்தார் என்று நான் சொல்லமாட்டேன். வஜ்தாவை நமக்கு அவ்வளவு பிடிக்கிறது. அவளுக்கு எதுவும் அனுமதியில்லை. ஆனால் அவளுக்கும் கீழே ஒருவர் இருக்கிறார், அவரை அசைக்க இந்தப் பிள்ளைகளால் முடியும். காரை ஓட்டக் கூடாத பெண் பின்னால். ஓட்ட மட்டுமே அனுமதி உள்ள ஆண் முன்னால். இருவரில் யார் யாரைச் சார்ந்திருக்கிறார் என்று ஒரு நிமிடத்தில் முடிவு கட்டிவிட முடியாது. படத்தை இரண்டாம் முறை பார்க்கும்போது வஜ்தாவை விட்டுவிட்டு இக்பாலை மட்டும் பின்தொடருங்கள். திரையில் கொஞ்ச நேரம்தான் வருவார், ஒவ்வொரு முறையும் அவசரத்தில்.

அன்றிலிருந்து எந்த சவூதிப் படம் பார்த்தாலும் நான் கேட்கும் கேள்வி ஒன்றே: வண்டி யாருடையது, ஓட்டுவது யார், காத்திருப்பது யார்? உங்களுக்கும் இதையே சிபாரிசு செய்கிறேன். மாறும் சமூகம், பெண் விடுதலை என்று பெரிய வார்த்தைகளோடு போனால் படம் கையில் சிக்காது. வண்டியின் பின்னால் போனால் சிக்கும்.

அடுத்த படங்கள், இந்த வரிசையில்

'பரகா மீட்ஸ் பரகா', 2016. இயக்கியவர் மஹ்மூத் சப்பாஹ். ஜித்தா நகராட்சியில் அபராதச் சீட்டு எழுதும் ஒருவன், இன்ஸ்டாகிராமில் புகழ்பெற்ற ஒரு பெண். இருவருக்கும் பிடித்துப்போகிறது. சந்திக்க இடம் இல்லை. கடற்கரை இல்லை, உணவகம் இல்லை, கடை இல்லை. படம் முழுக்க இடம் தேடுவதுதான். படத்தில் சில இடங்கள் கட்டம் கட்டமாக மங்கலாக்கப்பட்டிருக்கும். அது தணிக்கையைப் பற்றிய கிண்டல் இல்லவே இல்லை என்று தொடக்கத்திலேயே அட்டை போட்டுச் சொல்லிச் சிரிப்பார்கள். பழைய புகைப்படங்கள் வரிசையாக வரும் இடத்தில் கவனம். நாயகன் தன் அப்பா தலைமுறைக்கு இருந்த சுதந்திரம் தனக்கு ஏன் இல்லை என்று கேட்பது நமக்குப் புதிதாக இருக்கும். அந்த ஊர் எப்போதுமே இப்படித்தான் என்றுதானே நினைத்திருந்தோம். தாளில் எழுதிய 1979 இங்கே உதவும்.

'தி பெர்ஃபெக்ட் கேண்டிடேட்', 2019. மறுபடியும் ஹைஃபா அல் மன்சூர். மரியம் என்ற மருத்துவர். இப்போது அவளே கார் ஓட்டுகிறாள். ஆனால் மருத்துவமனை வாசலுக்குப் போகும் சாலை சேறு. விமான நிலையத்தில் அப்பாவின் அனுமதி காலாவதியாகிவிட்டது என்று நிறுத்துகிறார்கள். அதைச் சரிசெய்ய ஓடிய இடத்தில், எதிர்பாராமல், நகராட்சித் தேர்தல் வேட்பாளராகிறாள். இங்கே தேதியைப் பாருங்கள்: பயண அனுமதிச் சட்டம் மாறியது 2019 ஆகஸ்டில், படம் வெனிஸ் விழாவில் திரையிடப்பட்டதும் அதே ஆகஸ்ட் இறுதியில். எடுத்த காட்சி திரைக்கு வருமுன் பழைய காலமாகிவிட்டது. மாறிக்கொண்டிருக்கும் ஊரை எடுப்பதில் இப்படி ஒரு வில்லங்கம் உண்டு. படமாக எனக்கு இது 'வஜ்தா' அளவுக்குப் பிடிக்கவில்லை. பாத்திரங்கள் செய்தி சொல்லத் தொடங்கிவிடுகிறார்கள். ஊர் ஊராகக் கச்சேரிக்குப் போகும் ஊது வாத்தியக்காரரான அப்பாவின் பகுதிதான் மனதில் நின்றது. ஊது என்றால் நாம் நினைக்கும் ஊதும் கருவி அல்ல, மீட்டும் தந்திக் கருவி.

'மந்தூப்', 2023. அலி கல்தமி இயக்கியது. வளைகுடாவில் இருந்தவர்களுக்கு மந்தூப் என்றால் கம்பெனியின் இக்காமா, ஜவாசாத் (பாஸ்போர்ட் அலுவலகம்) வேலைகளுக்கு அலைகிற ஆள். படத்தில் அது செயலி வழியாக இரவில் டெலிவரி செய்கிறவன். கால் சென்டர் வேலையை இழந்த ஃபஹத் என்ற ரியாத்துக்காரன், இரவெல்லாம் காரில் சுற்றுகிறான், கடைசியில் கள்ளச் சாராய வியாபாரத்தில் போய் மாட்டுகிறான். சவூதியில் நல்ல வசூல். பளபளக்கும் புதிய ரியாத்தை அதற்குள் நுழைய முடியாதவனின் கண்ணாடி வழியாகக் காட்டும் படம். மாமா இதைப் பார்த்து ரொம்ப நேரம் நம்பவில்லை. "சவூதிக்காரனே பார்சல் தூக்கிக்கிட்டு வாசல்ல நிக்கிறானா?" என்று மூன்று முறை கேட்டார். அவர் ஊர் திரும்பியது 2009-ல். அவர் உட்கார்ந்திருந்த இருக்கையில் இப்போது இவன்.

'நூரா', தவ்ஃபீக் அல் ஸைதி. கதை 1996-ல், ஒதுக்குப்புறக் கிராமத்தில். புதிதாக வரும் ஆசிரியர், தன்னைப் படம் வரைந்து தரச் சொல்லும் ஓர் இளம்பெண். 2024-ல் கான் திரைப்பட விழாவின் அதிகாரப்பூர்வத் தேர்வில் இடம்பெற்ற முதல் சவூதிப் படம். மெதுவான படம், கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஒரு எச்சரிக்கை. 2018-க்குப் பிறகு அரசே பணம் போடுகிறது, ஜித்தாவில் 2021 முதல் பெரிய திரைப்பட விழா நடக்கிறது. கடந்த காலத்தின் கெடுபிடியைக் காட்டும் படங்களுக்கு இன்று கதவு திறந்தே இருக்கிறது. இன்றைய சங்கடங்களைக் காட்ட அதே அளவு இடம் இருக்கிறதா என்பதைப் பார்க்கிறவர்தான் கேட்டுக்கொள்ள வேண்டும். நம்மவர்கள் திரையில் எங்கே நிற்கிறார்கள் என்பதையும். ரியாத்தைக் கட்டியதில் இவ்வளவு பங்கு இருந்தும் பெரும்பாலான படங்களில் ஓரத்தில்தான் தெரிகிறார்கள்.

சேர்ந்து பார்ப்பதென்றால்

வீட்டில் பத்துப் பேர் பார்ப்பதற்கும் மண்டபத்தில் அறிவித்துத் திரையிடுவதற்கும் வித்தியாசம் உண்டு. இரண்டாவதற்கு உரிமை வைத்திருப்பவரிடம் எழுதிக் கேட்க வேண்டும். மொட்டை மாடியென்றால் ஏழரைக்கு மேல் தொடங்குங்கள், இருட்டாமல் சுவரில் ஒன்றும் தெரியாது. கொசுவர்த்தி.

படம் முடிந்ததும் யாராவது ஒருவர் கட்டாயம் சொல்வார்: "பாவம் அந்த ஊர்ப் பொம்பளைங்க, நம்ம ஊரு எவ்வளவோ பரவால்ல." பேச்சு அங்கேயே செத்துவிடும். இதற்கு ஒரு மருந்து வைத்திருங்கள். நாங்கள் புதுக்கோட்டைக்காரர்கள் என்பதால் எங்களிடம் தயாராக இருந்தது. 1990-களின் தொடக்கத்தில் அறிவொளி என்ற எழுத்தறிவு இயக்கம் இந்த மாவட்டத்தில் ஆயிரக்கணக்கான பெண்களை சைக்கிளில் ஏற்றியது. கல்குவாரிப் பெண்கள், விவசாயக் கூலிகள், சத்துணவு ஆயாக்கள். அன்றைக்கு அவர்கள் காதில் விழுந்த கேலியும் கொஞ்சநஞ்சமல்ல. வஜ்தாவுக்கு இருபது வருடம் முன்பு, இதே மண்ணில்.

அப்படிப் பழகிய ஒருவர் அன்று எங்கள் மாடியில் இருந்தார். பக்கத்து வீட்டு அத்தை, அறுபதைத் தாண்டியவர். பகலில் ஓட்டினால் சிரிப்பார்கள் என்று நிலா வெளிச்சத்தில் பள்ளிக்கூட மைதானத்தில் பழகினாராம், சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு. அவரைப் பேசவிட்ட பிறகு "பாவம் அந்த ஊர்" பேச்சு மறுபடி வரவில்லை.

கடைசிக் காட்சியை இங்கே முழுதாகச் சொல்லப் போவதில்லை. சைக்கிள் எங்கே போய் நிற்கிறது, அவள் எந்தப் பக்கம் பார்க்கிறாள் என்று மட்டும் கவனியுங்கள். எங்கள் மாடியில் அதைப் பற்றிப் பெரிய விவாதம் நடந்தது. நின்றது நம்பிக்கையா, தயக்கமா என்று நாங்கள் நாலைந்து பேர் மாறி மாறிப் பேசினோம். அத்தை பாயைச் சுருட்டிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார்.

"எல்லாரும் ஏறத்தான் சொல்லிக் குடுப்பாக. நான் ரெண்டு மாசம் எறங்கத் தெரியாம வேலியில மோதி மோதித்தான் நிறுத்துனேன். அந்தப் புள்ள பாரு, பிரேக்கப் புடிச்சு எவ்வளவு அழகா நின்னுச்சு."